பொய்ச் சுவடியும் நான்காம் சீலமும்

பஞ்ச சீலங்களுள் நான்காவது பொய் கூறாமை. ஐந்தினுள்ளும் காப்பதற்கு எளியது இதுவே எனப் பலர் எண்ணுகின்றனர். நாவை அடக்கினால் போதும் என்பது அவர் கருத்து. நமக்குத் தீங்கு செய்யும் பொய்யை வெறுப்பது எளிதுதான். ஆனால், நமக்கு நன்மை செய்வது போல வரும் பொய்யை, அதுவும் பிறர் எழுதி முடித்துக் கையில் கொடுக்க, நாம் வாளா ஏற்றுக்கொண்டாலே போதும் என்ற நிலையில் வரும் பொய்யை, மறுத்து அனுப்புவது எளிதன்று. அத்தகைய பொய் ஒன்றைப் பற்றியே இக்கட்டுரையில் ஆராய விழைகின்றோம்.

மைசூர் விஜயநகரில் அன்பர் ஒருவரது இல்லத்தில் பௌர்ணமி வந்தனை முடிந்து யாவரும் அமர்ந்திருந்தபோது, இளைஞர் ஒருவர் ஒரு சிறு வெளியீட்டை எடுத்து வந்து பெரியோர் முன் வைத்தார். ஏசு கிறிஸ்து தம் பதினான்காம் வயதில் சிந்து நாட்டிற்கு வந்தார் என்றும், ஜகந்நாதத்திலும் ராஜகிருகத்திலும் காசியிலும் ஆறாண்டுகள் தங்கினார் என்றும், வைசியருக்கும் சூத்திரருக்கும் வேதம் மறுக்கப்படுவதைக் கண்டித்தார் என்றும், அதனால் பிராமணரும் க்ஷத்திரியரும் அவரைக் கொல்ல நினைத்தனர் என்றும், அவர் தப்பிச் சென்று கௌதமர் பிறந்த நாட்டை அடைந்து, பாலி மொழி பயின்று, சூத்திரங்களை ஆறாண்டுகள் கற்றுத் தேர்ந்தார் என்றும் அதில் எழுதியிருந்தது. இவை யாவும் லடாக்கில் உள்ள ஹெமிஸ் மடாலயத்தின் பழஞ்சுவடி ஒன்றில் காணப்படுவனவாம். "ஐயா, இதனை நமது வைசாக மலரில் வெளியிட வேண்டும். நம்மை இழிவாகப் பேசுவோர் வாயடைத்துப் போவார்கள்" என்றார் அவர்.

உண்மையைச் சொல்வதானால், அதைக் கேட்டபோது நமக்கும் உள்ளம் குளிர்ந்தது. உலகின் பெருஞ்சமயம் ஒன்றின் தலைவரே நம் தம்மத்தின் மாணவர் என்றால் யாருக்குத்தான் மகிழ்ச்சி உண்டாகாது? அதிலும், பிறப்பின் பெயரால் கல்வி மறுக்கப்பட்டோரின் வழிவந்த நமக்கு, அக்கொடுமையை அவர் இந்நாட்டிற்கே வந்து கண்டித்தார் என்னும் செய்தி எத்துணை இனிப்பாய் இருக்கும்! அந்த இனிப்பே பின்னர் நம்மை ஐயுறச் செய்தது. நாம் கேட்க விரும்பியது அத்தனையும், நாம் விரும்பிய வரிசையிலேயே, ஒரு பழஞ்சுவடியில் அமைந்திருப்பானேன்?

இக்கதையின் வரலாறு மறைவானதன்று. நிகொலாஸ் நோட்டோவிச் என்னும் ருஷ்யப் பயணி 1887-இல் லடாக்கில் சுற்றித் திரிந்தார். 1894-இல் பாரிஸ் நகரில் பிரெஞ்சு மொழியில் ஒரு நூலை வெளியிட்டார். குதிரையினின்று விழுந்து கால் முறிந்ததாகவும், ஹெமிஸ் மடத்தில் கிடந்து சிகிச்சை பெற்றபோது தலைமை லாமா இரு பெரும் ஏடுகளினின்றும் 'ஈசா' என்பாரின் சரிதத்தைப் படித்துக் காட்டியதாகவும், மொழிபெயர்ப்பாளர் உதவியுடன் தாம் அதை எழுதிக்கொண்டதாகவும் அந்நூலில் கூறினார். மூலத்தின் ஒரு தாளையேனும் அவர் எவர்க்கும் காட்டவில்லை.

அதே ஆண்டு அக்டோபர் மாதம் மாக்ஸ் முல்லர் ஓர் ஆங்கிலத் திங்களிதழில் இந்நூலை ஆராய்ந்தார். திபேத்தியப் பௌத்த நூற்றொகுதிகளாகிய கஞ்சூர், தஞ்சூர் இரண்டிற்கும் பட்டியல்கள் உண்டு. அவற்றில் இப்படியொரு நூல் இல்லை என்று அவர் எடுத்துக் காட்டினார். அடுத்த ஆண்டு, 1895-இல், ஆக்ரா அரசினர் கல்லூரிப் பேராசிரியர் ஆர்ச்சிபால்ட் டக்ளஸ் என்பவர் ஹெமிஸ் மடத்திற்கே சென்றார். நோட்டோவிச் கூறியது மெய்யாயிருக்கக் கூடும் என்ற எண்ணத்துடனேயே அவர் சென்றார் என்பது குறிப்பிடத்தக்கது. தலைமை லாமாவைக் கண்டு, நூலிற் கூறியவற்றை ஒவ்வொன்றாக மொழிபெயர்த்துக் கேட்பித்தார். தாம் பதினைந்து ஆண்டுகளாக அம்மடத்தின் தலைவர் என்றும், அக்காலத்தில் கால் முறிந்த ஐரோப்பியர் எவரும் அங்கே தங்கியதில்லை என்றும், ஈசாவின் சரிதம் கூறும் சுவடி ஒன்றைத் தாம் கேள்விப்பட்டதே இல்லை என்றும் லாமா கூறினார். அவ்வாக்குமூலத்தில் கையொப்பமிட்டு மடத்து முத்திரையும் பதித்துக் கொடுத்தார். 1896 ஏப்ரலில் அது அச்சாயிற்று.

பின்னாளில் ஓரிருவர் தாமும் அச்சுவடியைக் கண்டதாக எழுதியதுண்டு. ஆயினும் நூற்றுமுப்பது ஆண்டுகள் கடந்தும் அச்சுவடி அறிஞர் முன் ஆராய்ச்சிக்கு வைக்கப்படவில்லை. அது இல்லாதவரையில், நோட்டோவிச்சின் நூல் ஏசுவைப் பற்றிய பழைய சான்று ஆகாது. பத்தொன்பதாம் நூற்றாண்டில் எழுந்த புனைவு என்றே கொள்ளப்படும். தொடக்கக் காலக் கிறிஸ்தவ நூல்களில் வல்லவரான எட்கர் குட்ஸ்பீட் முதலியோரும் அவ்வாறே முடிவு கூறினர்.

அன்பர்களே, இப்பொய்யை மறுத்தவர்களுள் முதன்மையானவர் யார் என்று எண்ணிப் பாருங்கள். மாக்ஸ் முல்லர் நூலறிவால் ஐயுற்றார். டக்ளஸ் நேரிற் சென்று வினவினார். ஆனால் முடிவான சொல்லைச் சொன்னவர் ஒரு பௌத்த பிக்கு. ஒப்புக்கொண்டிருந்தால் அவருடைய மடாலயம் உலகப் புகழ் பெற்றிருக்கும். யாத்திரிகரும் காணிக்கையும் வந்து குவிந்திருக்கும். அவர் ஒப்புக்கொள்ளவில்லை. தம்மிடம் இல்லாததை இல்லை என்றார். நாம் பெருமை கொள்ள வேண்டுமாயின், ஈசாவுக்குப் பாடஞ்சொன்ன கற்பனைப் பிக்குவைக் கொண்டு அன்று. இந்த மெய்யான பிக்குவைக் கொண்டே பெருமை கொள்ளல் வேண்டும்.

இத்தகைய செயல் தொலைவில் எங்கோ நடப்பது என்று எண்ண வேண்டா. நம் தமிழ்நாட்டிலேயே அதற்கு ஒப்பானதொன்று நடந்துள்ளது. ஏசுவின் சீடராகிய தோமையர் மயிலாப்பூருக்கு வந்தார் என்பது கிறிஸ்தவர்களின் நெடுநாள் நம்பிக்கை. திருவள்ளுவர் அவரைச் சந்தித்தார் என்பதற்கும், குறளில் கிறிஸ்தவக் கருத்துகள் உண்டு என்பதற்கும் சான்று தேடும் முயற்சி 1970-களில் வலுத்தது. அப்பொழுது சென்னை மயிலைப் பேராயராயிருந்த அருளப்பா அவர்கள் தமிழ்ப் புலமை மிக்கவர். அவரிடம் 'ஆசாரிய பால்' என்னும் பெயரில் ஒருவர் வந்து, தம்மிடம் அச்சான்றுகள் உள்ளன என்றார். ஓலைச்சுவடிகள், செப்பேடுகள் ஆகியவற்றின் புகைப்படங்களைக் காட்டினார். மூலங்கள் எங்கே என்று கேட்டபோது, அவை அரசின் காப்பகங்களிலும் அருங்காட்சியகங்களிலும் இருப்பதாகச் சொன்னார். ஆராய்ச்சிச் செலவென்று ஆண்டுக் கணக்கில் பணம் பெற்றார். 1987-இல் 'இல்லஸ்டிரேட்டட் வீக்லி ஆப் இந்தியா' இதழில் கே. பி. சுனில் எழுதிய கட்டுரையின்படி, அத்தொகை ஏறத்தாழ 14 லட்சம் ரூபாய். இறுதியில் பேராயரே காவல் துறையிடம் முறையிட்டார். 1980-இல் அம்மனிதர் கைது செய்யப்பட்டார். 1986-இல் சென்னை நீதிமன்றம் அவரைக் குற்றவாளி எனத் தீர்ப்பளித்தது. சுவடி என்று காட்டப்பட்டவை, ஓலை வடிவில் நறுக்கிய பழுப்புக் காகிதத் துண்டுகளில் எழுதிப் படம் பிடிக்கப்பட்டவை என்று அக்கட்டுரை கூறுகின்றது.

இதை எடுத்துச் சொல்வது பிற சமயத்தாரை எள்ளுவதற்கன்று. பேராயர் கல்லாதவர் அல்லர். ஏமாற்றும் எண்ணமும் அவரிடம் இருந்ததில்லை. ஏமாந்தவர் அவரே. அவருடைய புலமை அவரைக் காவாமற் போனதற்குக் காரணம் யாது? அவர் அச்செய்தியை மெய்யாக இருக்க வேண்டுமென்று விரும்பினார். விருப்பம் முன்னே சென்று இருக்கை போட்டுவிட்டால், பொய் வந்து அமர்வதற்கு நேரம் ஆகாது. பொய்ச் சுவடியை எழுதுபவன் ஒருவனே எனினும், அதை எழுதச் செய்பவர்கள் பலர். அதற்காகக் காத்திருக்கும் மனங்கள் அனைத்திற்கும் அதில் பங்கு உண்டு. அதே வேளையில், தாம் ஏமாந்ததை மறைத்து வைக்காது ஊரறிய முறையிட்டாரே, அந்நேர்மையையும் நாம் மறக்கலாகாது.

விருப்பத்தினும் நுட்பமான காரணம் ஒன்று உண்டு, அது அன்பு. கிறிஸ்து பிறந்து இருநூறு ஆண்டுகளுக்குப் பின் வாழ்ந்த தெர்த்துல்லியன் என்னும் கிறிஸ்தவ ஆசிரியர் ஒரு செய்தியைக் குறித்து வைத்துள்ளார். ஆசியா மாகாணத்துச் சபை மூப்பர் ஒருவர், அப்போஸ்தலராகிய பவுலின் செயல்களைப் பற்றி ஒரு நூலைப் புனைந்து உலவ விட்டாராம். அகப்பட்டுக்கொண்டபோது, பவுலின்மீது கொண்ட அன்பினாலேயே செய்ததாக ஒப்புக்கொண்டாராம். சபையோர் அன்பு எனக் கேட்டு மன்னித்துவிடவில்லை, பதவியினின்று விலக்கினர். அக்காலத்தில் இத்தகைய நூல்கள் பல எழுந்தன. ஏசு எதெஸ்ஸா நகரத்து அரசனுக்கு எழுதியதாக ஒரு கடிதம். பவுலும் ரோமானிய ஞானி செனெக்காவும் ஒருவருக்கொருவர் எழுதியதாகச் சில கடிதங்கள். எவற்றையும் பகைவர் எழுதவில்லை. தம் குருவை மேலும் உயர்த்திக் காட்ட வேண்டும் என்று எண்ணிய அன்பர்களே எழுதினர்.

அன்பினால் எழுந்த பொய், தான் அன்பு செய்தவருக்கேனும் பயன்படுகின்றதா என்றால், அதுவும் இல்லை. பதினெட்டாம் நூற்றாண்டில் புதுச்சேரியில் 'எசூர் வேதம்' என்னும் நூல் ஒன்று பிரெஞ்சு மொழியில் இருந்தது. பண்டை வேதத்தின் மொழிபெயர்ப்பு போன்ற உருவில் அமைந்து, விக்கிரக வழிபாட்டைக் கண்டித்து, கிறிஸ்தவத்திற்கு வழி கோலுவதாக அது விளங்கியது. அங்கிருந்த பிரெஞ்சு ஏசு சபைப் பாதிரிமாரிடையே எழுந்தது அது என்பதே ஆராய்ச்சியாளர் பலரின் கொள்கை. 1760-இல் அதன் படி ஒன்று வால்டேரின் கைக்குச் சென்றது. அவரோ அதை மெய்யான தொன்னூல் என்று நம்பி, கிறிஸ்தவத்திற்கு முன்னரே இந்தியாவில் உயர்ந்த கடவுட் கொள்கை இருந்ததற்கு இதுவே சான்று என்று, கிறிஸ்தவத் திருச்சபைக்கு எதிராகவே எடுத்து வீசினார். தமிழறிஞர் எல்லிஸ் துரை, புதுச்சேரியில் இருந்த சுவடிகளை நேரிற் கண்டு எழுதிய ஆராய்ச்சி அவர் மறைவிற்குப் பின் 1822-இல் வெளியாகி, அது அண்மைக் காலப் போலி என்பதை நிலைநாட்டிற்று. எய்தவன் மேலேயே திரும்பிய அம்பு அது. பொய்க்கு எசமானன் எவனுமில்லை.

இனி நம் வீட்டையும் பார்ப்போம். பௌத்தர்களாகிய நாம் இக்குற்றத்திற்கு அப்பாற்பட்டவர்கள் என்று கருதலாகாது. அலாய்ஸ் ஆன்டன் பியூரர் என்னும் ஜெர்மானியர் வடமேற்கு மாகாணங்களில் தொல்பொருள் ஆய்வுத் துறை அதிகாரியாக இருந்தவர். 1896 டிசம்பரில் லும்பினியில் அசோகச் சக்கரவர்த்தியின் கற்றூண் அடையாளம் காணப்பட்ட நிகழ்ச்சியில் அவர் பெயர் உண்டு. பகவன் புத்தர் பிறந்த இடம் இதுவெனக் காட்டும் அத்தூண் மெய்யானது, உலகம் போற்றுவது. ஆனால் அதே மனிதர், அதே ஆண்டுகளில், ஊ மா என்னும் பர்மியப் பிக்குவுக்குப் புத்தரின் திருச்சின்னங்கள் என்று சில பொருள்களை அனுப்பி வந்தார். அவற்றுள் ஒரு பல், குதிரையின் பல்லாகத் தோன்றிற்று. சாக்கியர்களின் பெயர் பொறித்த கல்வெட்டுகள் கிடைத்தன என்று அவர் எழுதியதும் பொய் என வெளிப்பட்டது. 1898-இல் வின்சென்ட் ஸ்மித் நேரிற் சென்று விசாரிக்க, பியூரர் பதவியிழந்தார்.

இதனால் விளைந்த கேடு எத்தகையது? ஏமாந்த பிக்குவின் மனவருத்தத்தோடு அது முடியவில்லை. பியூரர் நடமாடிய இடங்களில் கிடைத்த மெய்யான பொருள்களின்மீதும் ஐயத்தின் நிழல் விழுந்தது. 1898 ஜனவரியில் பிப்ராவா தூபத்தினின்று எடுக்கப்பட்ட திருச்சின்னங்களையும், லும்பினிக் கற்றூணையும்கூட, அவர் பெயரைச் சொல்லியே ஐயுற்றோர் உண்டு. அவற்றை மீண்டும் நிலைநாட்ட அறிஞர் பலர் உழைக்க வேண்டியதாயிற்று. ஒரு குதிரைப் பல் அசோகருடைய கற்றூணையே அசைத்துப் பார்த்தது. பொய் தான் இருக்கும் இடத்தை மட்டும் கெடுப்பதில்லை. அருகில் நிற்கும் மெய்யையும் கூட்டிலேற்றி வழக்காட வைக்கின்றது.

இவ்விடத்தில் சில தடைகள் எழக்கூடும். அவற்றையும் நேர்மையாக எதிர்கொள்வோம்.

முதலாவது தடை: மகாயான நூல்கள் 'உபாய கௌசல்யம்' என்று ஒன்றைப் போற்றுகின்றனவே, நல்ல முடிவிற்காகச் சொல்லும் பொய் அதனுள் அடங்காதா? சத்தர்ம புண்டரீகத்தில் வரும் எரியும் வீட்டின் உவமை யாவரும் அறிந்ததே. வீடு பற்றி எரிவதை அறியாது விளையாடும் குழந்தைகளிடம், வெளியே அழகிய வண்டிகள் உள்ளன என்று கூறித் தந்தை அழைக்கின்றான். வெளியே வந்த குழந்தைகளுக்குச் சொன்னதனினும் சிறந்த வண்டியைத் தருகின்றான். ஈண்டு கவனிக்கத்தக்கது யாதெனில், அவன் சொல் குழந்தைகளை வெளிச்சத்திற்கு அழைக்கின்றது. அங்கே வந்தபின் யாவற்றையும் அவர்கள் தம் கண்ணாலேயே காணலாம். பொய்ச் சுவடியோ வெளிச்சத்திற்கு அஞ்சுவது. அது நிலைபெற வேண்டுமாயின் படிப்பவர் என்றும் உள்ளேயே இருக்க வேண்டும். வெளியே வந்து பார்த்தல் ஆகாது. ஆகவே அவ்வுவமை இதற்குப் பொருந்தாது.

இரண்டாவது தடை இதனினும் வலியது. புத்தர் பரிநிர்வாணம் அடைந்து பல நூற்றாண்டுகளுக்குப் பின் எழுதப்பட்ட சூத்திரங்களும் அவர் வாக்காகவே தொடங்குகின்றனவே, அவையும் போலியா? இதற்கு ஒரே சொல்லில் விடை இல்லை. ஆனால் ஒரு வேறுபாட்டை நாம் காணலாம். அன்பு செய், ஆசையை ஒழி என்னும் போதனையை எவர் சொல்லியிருப்பினும், நடந்து பார்த்து அதன் உண்மையை அறியலாம். மருந்தை உண்டு பார்த்தால் நோய் தீர்வது தெரியும். ஆனால் இன்னார் இன்ன ஆண்டில் இன்ன ஊருக்கு வந்தார் என்னும் செய்தியை நடந்து பார்த்து அறிய முடியாது. அதற்குச் சாட்சி ஒன்றே வழி. சாட்சியையே நம்பி நிற்க வேண்டிய இடத்தில் பொய்ச் சாட்சி நிறுத்துவது, படிப்பவரின் சம்மதத்தை அவர் தாராமலே பறிப்பதாகும். கொடாததை எடுத்தல் இரண்டாம் சீலத்திற்கு மாறு. எனவே பொய்ச் சுவடி எழுதுபவன் நான்காம் சீலத்தை மட்டும் மீறவில்லை, இரண்டாவதையும் மீறுகின்றான்.

மூன்றாவது தடையே நம் நெஞ்சைத் தொடுவது. அன்று அந்த இளைஞர் கண்கலங்கக் கூறியதும் இதுவே. "ஐயா, நம் நூல்களை அழித்தார்கள். விகாரைகளை அழித்தார்கள். நம்மிடம் எதுவும் எஞ்சவில்லை. எல்லாம் உள்ளவர்கள் சான்று கேட்கலாம், பறிகொடுத்தவர்களிடம் கேட்கலாமா?" என்றார்.

இக்கேள்வியை எளிதில் ஒதுக்கிவிடல் ஆகாது. ஐம்பெருங் காப்பியங்களுள் ஒன்றாகிய குண்டலகேசி முழுமையாக நமக்குக் கிடைக்கவில்லை. சில பாடல்களே எஞ்சியுள்ளன. விம்பசார கதை, சித்தாந்தத் தொகை முதலியன பெயரளவில் நிற்கின்றன. மயிலை சீனி. வேங்கடசாமி அவர்கள் 1940-இல் 'பௌத்தமும் தமிழும்' எழுதியபோது, மறைந்துபோன இந்நூல்களைத் தேடித் தேடிக் குறித்து வைத்தார். இல்லாதவற்றை இல்லை என்றே எழுதினார், இருப்பதாகப் புனையவில்லை. அதனாலேயே அவர் நூல் இன்றும் நிற்கின்றது.

வெற்றிடமும் ஒரு சாட்சியே என்பதை நாம் உணர வேண்டும். குண்டலகேசி இருந்த இடம் இன்று வெறுமையாக உள்ளது. ஒரு காலத்தில் இங்கே ஒரு பெருநூல் இருந்தது, இப்போது இல்லை என்று அவ்வெறுமை உலகத்தாரிடம் முறையிடுகின்றது. அவ்விடத்தில் நாம் ஒரு போலி நூலை நட்டுவிட்டால் என்ன ஆகும்? முறையீடு அடங்கிப் போகும். இழப்பு என்று ஒன்று இருந்ததே மறைந்து போகும். நாளை போலி வெளிப்படும்போது, இவர்கள் இழந்ததாகச் சொன்னவை யாவும் இத்தகையனவே என்று பிறர் நகைப்பர். பறிகொடுத்தவனுக்கு எஞ்சியிருக்கும் செல்வம் அவன் சொல்லின் நம்பகம் ஒன்றே. அதையும் அவனே விற்றுவிடலாமா?

நம் கொள்கைக்குத்தான் அப்பொய் வேண்டியுள்ளதா? ஏசு ஜகந்நாதத்திற்கு வரவில்லை என்றால் பிறப்பினால் உயர்வு தாழ்வு கற்பித்தல் நியாயமாகிவிடுமா? சுத்த நிபாதத்தில் வாசெட்ட சுத்தம் உள்ளது. புல்லும் மரமும், பூச்சியும் பறவையும் பிறப்பால் வகை வேறுபடுவது போல மனிதர் வேறுபடுவதில்லை என்றும், செயலாலேயே ஒருவன் பிராமணனாகின்றான் என்றும் பகவன் அங்கே தெளிவாக விளக்குகின்றார். கையில் மெய்யான பொன் இருக்க, பித்தளைக்கு முலாம் பூசுவானேன்?

பொய்ச் சுவடியைப் பற்றிப் பேசிய நாம், மெய்ச் சுவடி ஒன்றைப் பற்றியும் பேசுதல் முறை. விஜயநகருக்குச் சில கிலோமீட்டர் தொலைவிலேயே, மைசூர் நகரில், 1891-இல் நிறுவப்பட்ட கீழ்த்திசைச் சுவடி நூலகம் உள்ளது. இன்று அது கீழ்த்திசை ஆய்வு நிறுவனம் எனப்படும். தஞ்சைப் பகுதிப் பண்டிதர் ஒருவர் கொடுத்த ஓலைச்சுவடிக் கட்டு ஒன்று அங்கு இருந்தது. கிரந்த எழுத்தில் அமைந்த அச்சுவடி, பெயரளவில் மட்டும் அறியப்பட்டிருந்த அர்த்தசாஸ்திரம் என்பதை நூலகர் ஆர். சாமசாஸ்திரி 1905-இல் கண்டறிந்து, 1909-இல் அச்சிட்டார். மறைந்ததாகக் கருதப்பட்ட நூல் திடீரெனத் தோன்றிற்று. ஐயத்திற்கு இதைவிட இடம் வேறு வேண்டுமா?

ஆயினும் அது நிலைத்தது. ஏன்? சுவடியை மறைத்து வைக்கவில்லை. எவரும் வந்து பார்க்கலாம், எழுத்தை ஆராயலாம், பாடத்தை ஒப்பிடலாம் என்று பொது நூலகத்தில் வைத்தார்கள். பின்னர் வேறிடங்களிலும் படிகள் கிடைத்தன; கணபதி சாஸ்திரி திருவனந்தபுரத்தில் உரையுடன் பதிப்பித்தார். அந்நூலின் காலம் யாது, எழுதியவர் சந்திரகுப்தனின் அமைச்சர்தாமா என்பன பற்றி அறிஞர் இன்றும் வாதிடுகின்றனர். அவ்வாதத்தினால் சுவடிக்கு யாதொரு குறைவும் இல்லை. மெய்யான பொருள் கேள்விகளால் தேய்வதில்லை. ஹெமிஸ் சுவடிக்கும் மைசூர்ச் சுவடிக்கும் உள்ள வேறுபாடு இதுவே: ஒன்றைக் காட்டச் சொன்னால் கதை சொல்கின்றார்கள், மற்றொன்றைக் காட்டச் சொன்னால் கதவைத் திறக்கின்றார்கள்.

கதவைத் திறந்து பார்க்கும் இம்முறையைப் பகவனே நமக்குக் கற்பித்துள்ளார். மகாபரிநிப்பான சுத்தத்தில் நான்கு பெரும் ஆதாரங்களைப் பற்றி அவர் கூறுகின்றார். ஒரு பிக்கு வந்து, இதனைப் பகவனின் திருவாயாலேயே கேட்டேன் என்று சொன்னாலும், அவரை உடனே புகழவும் வேண்டா, இகழவும் வேண்டா. சொன்னதை நன்கு உணர்ந்து, சுத்தத்தோடும் விநயத்தோடும் ஒப்பிட்டுப் பாருங்கள். பொருந்தினால் கொள்ளுங்கள், பொருந்தாவிடில் விடுங்கள் என்பது அதன் கருத்து. தம் பெயரால் வரும் சொல்லையே சோதித்துக் கொள்க என்று கூறிய ஆசிரியருக்கு, சோதியாமல் ஏற்ற ஒரு சுவடியைக் காணிக்கையாக வைப்பது எத்தகைய பக்தி?

ராகுலருக்கு அவர் செய்த உபதேசமும் நினைக்கத்தக்கது. நீர்ப் பாத்திரத்தில் சிறிது நீரை எஞ்சவிட்டு, அறிந்தே பொய் கூற நாணாதவரிடம் துறவின் பயன் இவ்வளவே என்று காட்டினார். பின்பு அச்சிறிதளவையும் கொட்டி, பாத்திரத்தைக் கவிழ்த்து, அதன் வெறுமையையும் காட்டினார். விளையாட்டிற்கேனும் பொய் சொல்லற்க என்று பயிற்றினார். அசோகச் சக்கரவர்த்தி, பிக்குகளும் உபாசகர்களும் இடைவிடாது கேட்க வேண்டிய நூற்பகுதிகள் எனச் சிலவற்றைப் பைராட்டுக் கல்வெட்டில் பொறித்தார். பொய்யைப் பற்றி ராகுலருக்கு உரைத்த உபதேசம் அவற்றுள் ஒன்று. பேரரசர் ஒருவர் கல்லில் வெட்டி வைக்கும் அளவிற்கு அது முதன்மையாகக் கருதப்பட்டது.

ஆதலால், நம் சங்கத்தாரும் நம் இதழுக்கு எழுதுவோரும் பழஞ்சான்று என்று ஒன்றைக் கொணரும்போது மூன்று கேள்விகளைத் தமக்குத் தாமே கேட்டுக்கொள்ள வேண்டுகின்றோம். மூலம் எங்கே உள்ளது? நம்மைச் சாராத வேறு எவர் அதைக் கண்டு ஆராய்ந்துள்ளார்? இதே அளவுச் சான்றோடு நமக்கு எதிரான செய்தி ஒன்று வந்திருந்தால் நாம் நம்பியிருப்போமா? மூன்றாவது கேள்வியே கடினமானது. அதுவே தேவையானதும் ஆகும். பிறர் சுவடிக்கு ஒரு துலாக்கோலும் நம் சுவடிக்கு ஒரு துலாக்கோலும் வைத்திருப்பவன் வணிகனாயினும் கள்வன், ஆசிரியனாயினும் கள்வனே.

விஜயநகர் இல்லத்தில் அன்று இவற்றையெல்லாம் ஒருவாறு எடுத்துக் கூறினோம். இளைஞர் நெடுநேரம் பேசாதிருந்தார். அவர் முகத்தில் ஏமாற்றம் தெரிந்தது; அதைக் குறையாகக் கருதவில்லை. நமக்கும் அவ்வேமாற்றம் இருந்தது. ஒரு நல்ல கதையை இழப்பதும் இழப்புத்தான். பின்பு அவர், "அப்படியானால் வைசாக மலருக்கு நான் என்ன எழுதட்டும், ஐயா?" என்று கேட்டார்.

"ஹெமிஸ் மடத்துத் தலைமை லாமாவைப் பற்றி எழுதுங்கள். இல்லாததை இல்லை என்று சொல்லி முத்திரையிட்ட பிக்குவைப் பற்றி எழுதுங்கள்" என்றோம்.

அவர் அவ்வாறே எழுத இசைந்தார். அந்த வெளியீட்டை மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டார். கலைவதற்கு முன் யாவரும் எழுந்து பஞ்ச சீலம் ஏற்றோம். நாள்தோறும் உரைக்கும் சீலமே எனினும், நான்காவதற்கு வந்தபோது அன்று நம் குரல் சற்றே தாழ்ந்தது; ஏற்பது இன்னதென்று அறிந்து ஏற்றோம்.

எல்லா உயிர்களும் இன்புற்று வாழ்க.